ஆள் குண்டாகத் தெரிகிறாரா, தலை வெட்டுப்படுகிறதா? வீட்டு டிவியில் படக் கோளாறைக் கண்டுபிடிக்கும் வழி

ராமநாதபுரம் கடற்கரை ஊர்களில் டிவியும் டிஸ்க் பிளேயரும் மாட்டிக் கொடுக்கிற வேலையில் திரும்பத் திரும்ப வருகிற புகார் ஒன்றுதான்: "குவாலிட்டி சரியில்லை." மண்டபத்தில் "அண்ணே, டிவி போச்சு" என்பார்கள். கீழக்கரையில் "காக்கா (அண்ணே), டிஸ்க்கு டூப்ளிகேட்டு போல" என்பார்கள். போய்ப் பார்த்தால் பெரும்பாலும் டிவியும் போயிருக்காது, டிஸ்க்கிலும் குறை இருக்காது. படத்தின் வடிவம்தான் தவறியிருக்கும். 4:3 படத்தை (அகலம் 4 பங்கு, உயரம் 3 பங்கு) 16:9 திரைக்கு இழுத்துவிட்டால் எவ்வளவு நல்ல பிரதியும் கலங்கலாகத்தான் தெரியும். அதனால் முதலில் வடிவம், அப்புறம் தெளிவு. இந்த வரிசையை மாற்றினால் வீண் செலவுதான்.

கீழே உங்கள் வீட்டில் தெரிகிற அறிகுறியைத் தேடி, அங்கிருந்து தொடங்குங்கள். ஒவ்வொன்றிலும் காசில்லாத வழி முதலில், செலவு வைக்கும் வழி கடைசியில்.

எதைத் தொடுவதற்கும் முன்: டேப் வைத்து அளந்து பாருங்கள்

தச்சர் வைத்திருக்கிற அளவு டேப் போதும். 43 இன்ச் டிவியின் திரை ஏறக்குறைய 95 செ.மீ. அகலம், 53.5 செ.மீ. உயரம். இதுதான் 16:9. இந்தத் திரையில் பழைய 4:3 படம் சரியாக ஓடினால் படத்தின் அகலம் 71 செ.மீ. இருக்கும், இடமும் வலமும் 12 செ.மீ. கறுப்பு விடும். 2.35 சினிமாஸ்கோப் படம் (உயரத்தைப் போல 2.35 மடங்கு அகலம்) திரையின் அகலம் முழுக்க நிறைந்து, உயரம் 40.5 செ.மீ. வரும், மேலும் கீழும் 6.5 செ.மீ. கறுப்பு. 1.85 படத்துக்கு மேலும் கீழும் ஒரு செ.மீ. கோடுதான்.

32 இன்ச் என்றால் திரை 71-க்கு 40. அதில் 4:3 படம் 53 செ.மீ. அகலம், ஸ்கோப் படம் 30 செ.மீ. உயரம்.

அளவு எதனோடும் ஒட்டவில்லை என்றால் எங்கேயோ இழுபட்டிருக்கிறது. டேப் இல்லாவிட்டால், வட்டமான பொருள் நேராகத் தெரிகிற காட்சியில் படத்தை நிறுத்துங்கள். சுவர்க் கடிகாரம், முழுநிலா, பக்கவாட்டில் தெரியும் வண்டிச் சக்கரம், எதுவானாலும் சரி. ஒரு ஸ்கேலைக் குறுக்கே ஒரு தடவை, நெட்டாக ஒரு தடவை வைத்துப் பாருங்கள். இரண்டும் ஒரே அளவு வர வேண்டும்.

அறிகுறி: ஆட்கள் குட்டை, முகம் அகலம்

ரிமோட்டில் பிக்சர் சைஸ், ஆஸ்பெக்ட், வைட் மோட் என்று ஏதாவது ஒரு பெயரில் பட்டனோ மெனுவோ இருக்கும். அதை 4:3 அல்லது ஒரிஜினல் என்பதற்கு மாற்றுங்கள். பெரும்பாலும் இதோடு முடிந்துவிடும்.

மாற்றியும் சரியாகவில்லையா? செட்டாப் பாக்ஸைப் பாருங்கள். அதற்குள்ளும் தனியாக ஒரு வடிவ செட்டிங் உண்டு. பாக்ஸ் இழுத்து அனுப்பிய படத்தை டிவியால் மறுபடி சுருக்க முடியாமல் போகலாம். பாக்ஸில் திரை வகையை 16:9 ஆக்கி, படத்தை இழுக்காமல் அனுப்பும் நிலையில் வைத்துவிட்டு, மிச்சத்தை டிவியில் செய்யுங்கள். இழுக்கிற அதிகாரம் ஒரு கருவியிடம் மட்டும் இருக்கட்டும்.

ஒரு சேனலில் மட்டும் குண்டாகத் தெரிந்து மற்ற சேனல்களில் சரியாக இருந்தால், இழுத்து அனுப்புவது சேனலேதான். உங்கள் செட்டிங்கில் தவறு இல்லை. அந்தச் சேனலுக்கு மட்டும் 4:3 வைத்துப் பார்த்துக்கொள்ளலாம்.

டிஸ்க்கோ பென்டிரைவோ மட்டும் இப்படி வந்தால், பிரதி எடுத்தவரே இழுத்துப் பதிந்திருக்கலாம். கணினியில் விஎல்சி பிளேயரில் போட்டு, விசைப்பலகையில் ஏ எழுத்தைத் திரும்பத் திரும்பத் தட்டுங்கள். வடிவம் ஒவ்வொன்றாக மாறும். 4:3-இல் வட்டம் வட்டமாகிவிட்டால், படம் பிழைத்தது. அதே வடிவத்தில் மறுபடி பதியச் சொல்லி ஸ்டுடியோவில் கொடுக்கலாம்.

அறிகுறி: ஆட்கள் ஒல்லி, நெட்டை

டிவிடியில் 4:3 படமானாலும் 16:9 படமானாலும் புள்ளிகளின் எண்ணிக்கை ஒன்றுதான்: 720-க்கு 576, அல்லது 720-க்கு 480. அகலப் படத்தை நெருக்கிப் பதிந்து, ஓட்டும்போது விரிக்கிறார்கள். விரிக்கவில்லை என்றால் எல்லோரும் ஒல்லிக்குச்சிதான்.

பிளேயரின் செட்டப் மெனுவில் டிவி டைப் என்று இருக்கும். 4:3 பேன் ஸ்கேன், 4:3 லெட்டர்பாக்ஸ், 16:9 என்று மூன்று வகை. இன்றைய தட்டை டிவிக்கு 16:9 மட்டுமே சரி. பழைய பெட்டி டிவிக்கு வாங்கிய பிளேயரைப் புது டிவியில் மாட்டும்போது இதை மாற்ற மறந்துவிடுகிறார்கள். அதில் பேன் ஸ்கேன் இருந்தால் இரண்டு ஓரத்தையும் வெட்டிவிடும், அது இன்னும் மோசம். மாற்றிய பிறகும் ஒல்லியாகவே வந்தால் டிவியின் பிக்சர் சைஸ் 4:3-இல் நிற்கிறது. அதை 16:9 ஆக்குங்கள்.

அறிகுறி: நான்கு பக்கமும் கறுப்புச் சட்டம்

அகலப் படத்தை 4:3 சட்டத்துக்குள் மேலும் கீழும் கறுப்போடு பதிந்த பழைய டிஸ்க் இது. டிவி அதை 4:3 என்று நினைத்து இடமும் வலமும் இன்னொரு கறுப்பைப் போடுகிறது. டிவியில் ஜூம் வைப்பது சரியாக இருக்கும் இடம் இது ஒன்றுதான். ஜூம் செய்தால் வடிவம் கெடாமல் நிறைந்துவிடும். ஆனால் பதிவில் படத்துக்குக் கிடைத்த வரிகள் குறைவு என்பதால் கொஞ்சம் கலங்கும். அதற்கு மருந்து வேறு வெளியீடுதான், வேறு டிவி அல்ல.

அறிகுறி: மேலும் கீழும் கறுப்பு, ஆனால் வட்டம் வட்டமாக இருக்கிறது

இது கோளாறே இல்லை. படமே அந்த அகலத்தில்தான் எடுக்கப்பட்டது. "காசு கொடுத்து பெரிய டிவி வாங்கியும் பாதி கறுப்பா இருக்கே" என்று சொல்லி, ஜூம் போட்டுத் தரக் கேட்கிறவர்களிடம் நான் மறுத்துவிடுவேன். 2.35 படத்தை 16:9 நிறைய ஜூம் செய்தால் அகலத்தில் சுமார் 24 சதவீதம் போய்விடும். இரண்டு பேர் எதிரெதிரே நின்று பேசுகிற காட்சியில் இரண்டு பேருடைய முகமும் பாதிப் பாதியாகத்தான் மிஞ்சும். ஒளிப்பதிவாளர் ஓரத்தில் வைத்த ஆள் காரணமில்லாமல் அங்கே நிற்கவில்லை.

அறிகுறி: தலை உச்சி, கீழே ஓடும் எழுத்து வெட்டுப்படுகிறது

முதலில் ஜூம் ஆகியிருக்கிறதா பாருங்கள். இல்லையென்றால் ஓவர்ஸ்கேன். டிவி தானாகவே நான்கு ஓரத்தையும் கொஞ்சம் வெளியே தள்ளிக் காட்டுகிற பழைய வழக்கம். எல்ஜி டிவியில் ஜஸ்ட் ஸ்கேன், சோனியில் ஃபுல் பிக்சல், சாம்சங்கில் ஸ்கிரீன் ஃபிட் போன்ற பெயரில் இதற்கு மாற்று இருக்கும். அதைப் போட்டதும் ஓரம் திரும்பி வருவதோடு, ஹெச்டி படத்தில் தெளிவும் கூடும். புள்ளிக்குப் புள்ளி நேராக உட்காருவதால்தான். ஒரு தடவை செய்தால் போதும், ஆனால் ஒவ்வொரு எச்டிஎம்ஐ ஜாக்குக்கும் தனித்தனியாகச் செய்ய வேண்டியிருக்கலாம்.

அறிகுறி: கறுப்பு வெள்ளை, அல்லது படம் உருள்கிறது

மஞ்சள், சிவப்பு, வெள்ளை பின்களில் ஓட்டுகிறவர்களுக்கு இது. டிவியின் பின்னால் பச்சை ஜாக் ஒன்று காம்போனென்ட்டுக்கும் (படத்தை மட்டும் பச்சை, நீலம், சிவப்பு என்று மூன்று பின்னில் அனுப்பும் முறை) ஏவி-க்கும் பொதுவாக இருக்கும். மஞ்சள் பின்னை அதில் சொருகிவிட்டு, டிவியில் காம்போனென்ட்டைத் தேர்ந்தால் கறுப்பு வெள்ளையாக வரும். டிவியில் ஏவி-யைத் தேர்ந்தால் போதும்.

அது இல்லையென்றால் பிஏஎல், என்டிஎஸ்சி என்கிற இரண்டு டிவி முறைகளுக்குள் தகராறு. இந்தியாவின் முறை பிஏஎல். தமிழ்ப் பட டிவிடிகள் நிறைய என்டிஎஸ்சியில் வந்தன. பிளேயரில் டிவி சிஸ்டத்தை ஆட்டோ அல்லது மல்டி என்று வைத்தால் தீரும்.

அறிகுறி: "மண்டலம் தவறு" என்று சொல்லி டிஸ்க்கைத் துப்புகிறது

கீழக்கரை, பெரியபட்டினம், தொண்டி பக்கம் சபுர் (வெளிநாடு) போய் வருகிறவர்கள் வீட்டில் இது சகஜம். உலகத்தை மண்டலங்களாகப் பிரித்து, ஒரு மண்டலத்து டிஸ்க் இன்னொரு மண்டலத்துப் பிளேயரில் ஓடாதபடி பூட்டி விற்கிறார்கள். டிவிடிக்கு இந்தியா 5-ஆம் மண்டலம், வளைகுடா நாடுகள் 2, சிங்கப்பூரும் மலேசியாவும் 3. புளூ-ரே என்றால் இந்தியா சி, வளைகுடா பி, சிங்கப்பூர் மலேசியா ஏ. துபாயில் வாங்கிய பிளேயரில் இங்கே வாங்கிய டிஸ்க் ஓடாமல் போவது இதனால்தான். டிஸ்க்கின் பின்னட்டையில் உருண்டைக்குள் எண் இருக்கும், பாருங்கள். 4கே அல்ட்ரா ஹெச்டி டிஸ்க்குக்கு மண்டலத் தடை கிடையாது.

கணினியின் டிவிடி டிரைவில் மண்டலத்தை மாற்றலாம், ஆனால் 5 தடவைதான். அதற்குப் பிறகு கடைசியாக வைத்ததிலேயே பூட்டிக்கொள்ளும். ஒரு டிஸ்க்குக்காக அதைச் செலவழிக்காதீர்கள்.

அறிகுறி: வெள்ளைப் புள்ளி மின்னுகிறது, சில வினாடி இருண்டு திரும்புகிறது

இது நம் கடற்கரையின் தனி வியாதி. பாம்பனில் வடகடல் பக்கம் வீடு இருந்தாலும் தென்கடல் பக்கம் இருந்தாலும், உப்புக் காற்று ஜன்னல் வழியாக வந்து டிவியின் முதுகில்தான் உட்காரும். எச்டிஎம்ஐ பிளக்குக்குள் 19 பின்கள், ஒவ்வொன்றும் ரொம்ப மெல்லிசு. அதில் ஒன்றின் மேல் பச்சைப் பொடி பூத்தாலும் தகவல் விட்டு விட்டுத்தான் போகும். படம் கலங்காது, மின்னும். பிறகு ஒரேயடியாக அணையும். கலங்கல் வேறு, மின்னல் வேறு என்பதை மனதில் வையுங்கள். கேபிள் கெட்டால் எச்டிஎம்ஐயில் படம் மங்கலாவதில்லை.

டிவி, பிளேயர் இரண்டையும் அணைத்து, சுவர் ப்ளக்கையும் பிடுங்குங்கள். எச்டிஎம்ஐ கேபிளை இரண்டு முனையிலும் கழற்றி டார்ச் அடித்துப் பாருங்கள். பின் வரிசையின் ஓரத்தில் பச்சையோ வெள்ளைப் பொடியோ தெரிந்தால் காரணம் கிடைத்துவிட்டது. பொடி லேசாக இருந்தால் இரண்டு மூன்று தடவை சொருகி எடுத்தாலே தேய்ந்து போகும். இல்லையென்றால் ஐசோபுரோபைல் ஆல்கஹாலோ காண்டாக்ட் கிளீனரோ கொஞ்சமாகத் தெளித்து, நன்றாகக் காய்ந்த பிறகு மாட்டுங்கள். உப்புத்தாள், தேங்காயெண்ணெய், ஈரத்துணி எதுவும் வேண்டாம். தங்க முலாம் மிக மெல்லியது, ஒரு தேய்ப்பில் போய்விடும்.

சரியாகவில்லையா? கேபிளை வேறு ஜாக்கில் மாட்டுங்கள். அங்கே ஓடினால் பழைய ஜாக் கெட்டது. எங்கேயும் ஓடவில்லை என்றால் வேறு கேபிள், முடிந்தவரை குட்டையானது. 1080-இல் நன்றாக ஓடி 4கே போட்டால் மட்டும் அணைகிறது என்றால் கேபிளுக்கு வேகம் போதவில்லை. வினாடிக்கு 60 பிரேம் ஓடும் 4கே எச்டிஆர் (வெளிச்சத்தையும் நிறத்தையும் கூடுதலாகக் காட்டும் முறை) படத்துக்கு 18 ஜிகாபிட் தாங்கும் கேபிள் வேண்டும், உறையில் பிரீமியம் ஹை ஸ்பீட் என்று இருக்கும்.

எல்லா ஜாக்கும் எல்லா கேபிளோடும் மின்னினால் உப்பு போர்டுக்குள் இறங்கிவிட்டது. இங்கே நிறுத்திவிட்டு மெக்கானிக்கைக் கூப்பிடுங்கள். பின்மூடியை நீங்கள் திறக்க வேண்டாம். ப்ளக்கைப் பிடுங்கிய பிறகும் பவர் போர்டின் கெப்பாசிட்டரில் மின்சாரம் தங்கியிருக்கும்.

அறிகுறி: திரையில் நிலையான கோடு, பாதி இருட்டு, கருகல் வாசனை

எந்தச் செட்டிங்கும் உதவாது. டிவியின் மெனுவைத் திறந்து பாருங்கள். மெனுவின் மேலேயும் கோடு ஓடினால் கோளாறு டிவிக்குள்தான். கருகல் வாசனை வந்தால் உடனே மெயினை அணையுங்கள். மெக்கானிக்கிடம் முதல் கேள்வி "பேக்லைட்டா, பேனலா?" என்பதாக இருக்கட்டும். பேக்லைட் என்பது திரைக்குப் பின்னால் எரியும் விளக்கு, அதை மாற்றலாம். பேனல், அதாவது திரையே போயிருந்தால், புது டிவி விலையை விசாரித்துவிட்டுச் சம்மதியுங்கள்.

அறிகுறி: வடிவம் சரி, படம்தான் கலங்கல்

இப்போதுதான் தெளிவைப் பற்றிப் பேசலாம்.

டிவியின் ஷார்ப்னெஸ்ஸைப் பாருங்கள். கடையில் பளிச்சென்று தெரிவதற்காக ஏற்றி வைத்திருப்பார்கள். அது தெளிவைக் கூட்டாது, கோட்டைச் சுற்றி வெள்ளை விளிம்பைப் போடும். பாய்மரக் கம்பம் வானத்தின் முன்னால் தெரியும் காட்சியில் நிறுத்தினால், கம்பத்தை ஒட்டி இன்னொரு வெள்ளைக் கம்பம் தெரியும். அது மறையும்வரை குறையுங்கள். விவிட் மோடை விட்டு சினிமா அல்லது ஃபிலிம்மேக்கர் மோடுக்கு வாருங்கள். நடை எல்லாம் சீரியல் போல வழுக்கினால் மோஷன் என்கிற செட்டிங்கை அணையுங்கள்.

மஞ்சள் பின்னில் ஓட்டுகிறீர்களா? பிளேயரில் எச்டிஎம்ஐ ஜாக் இருந்தால் அதற்கு மாறுங்கள். சின்ன செலவில் கிடைக்கும் பெரிய மாற்றம் இது.

ஆன்லைனில் பார்க்கும்போது இரவில் மட்டும் கலங்கினால் டிவியின் மேல் பழியில்லை. 1080-க்கு வினாடிக்கு 5 மெகாபிட்டும், 4கே-க்கு 15 மெகாபிட்டும் நிற்காமல் வர வேண்டும். ஊரே பார்க்கிற நேரத்தில் செல்போன் டவரை நம்பி அது வராது. முன்கூட்டியே பதிவிறக்கி வைத்துப் பாருங்கள்.

படம் ஊதாவும் பச்சையுமாக வந்தால் பென்டிரைவில் இருப்பது எச்டிஆரில் ஒரு வகையான டால்பி விஷன் கோப்பு, உங்கள் டிவிக்கு அது தெரியாது. சாதாரண எச்டிஆர் அல்லது எச்டிஆர் இல்லாத எஸ்டிஆர் பிரதியை வாங்குங்கள்.

டிஸ்க்கில் வேகமான காட்சியில் கட்டம் கட்டமாக உடைந்தால், உறையில் எத்தனை படம் என்று பாருங்கள். இரட்டை அடுக்கு டிவிடி 8.5 ஜிபி. இரண்டரை மணி நேரப் படம் ஒன்று இருந்தால் வினாடிக்குச் சுமார் 7.5 மெகாபிட் கிடைக்கும். அதே டிஸ்க்கில் மூன்று படம் திணித்தால் ஒவ்வொன்றுக்கும் 2.5-தான். புளூ-ரேயில் படத்துக்கு 40 வரை போகலாம். மூன்று படத்தை ஒரு படத்தின் விலைக்கு வாங்கிய டிஸ்க் எந்த டிவியிலும் தெளியாது.

அறிகுறி: ஒரே படம், இரண்டு வெளியீடு, எது நல்லது என்று தெரியவில்லை

முதலில் ஓடும் நேரத்தைப் பாருங்கள். ஒன்று 150 நிமிடம், இன்னொன்று 144 நிமிடம் என்றால் உடனே "காட்சியை வெட்டிவிட்டார்கள்" என்று முடிவு கட்டாதீர்கள். சினிமா வினாடிக்கு 24 பிரேம், பிஏஎல் 25. அதே படம் 4 சதவீதம் வேகமாக ஓடி 6 நிமிடம் குறையும். பாட்டைக் கேளுங்கள், சுருதி சற்று ஏறியிருக்கும். பாட்டை நன்றாகக் கேட்க வேண்டும் என்பவர்கள் 24-இல் ஓடும் புளூ-ரேயை எடுங்கள்.

அடுத்து ஒரே பிரேமில் இரண்டையும் நிறுத்தி செல்போனில் படம் எடுத்துக்கொள்ளுங்கள். நான்கு ஓரத்திலும் என்ன இருக்கிறது என்று எழுதுங்கள்: இடது ஓரத்தில் தூண், மேலே ஓட்டுக் கூரை, இப்படி. ஒரு பிரதியில் ஓரப் பொருள் குறைந்தால் அது வெட்டப்பட்டது. 2.35 படத்தை 4:3 ஆக்கினால் 43 சதவீதம் போகும். ஆனால் 4:3 பிரதி எல்லாமே வெட்டியது என்றும் நினைக்க வேண்டாம். சில படங்களில் தியேட்டரில் மறைத்த மேல்பகுதியும் கீழ்ப்பகுதியும் அதில் திறந்திருக்கும், அப்போது மேலே கூடுதலாகத் தெரியும். தியேட்டரில் காட்டிய வடிவம் எதுவோ அதைத்தான் நான் தேர்வேன்.

பழைய படத்துக்கு ஒரு சுருக்கு வழி உண்டு. தமிழின் முதல் சினிமாஸ்கோப் படம் 1973-இல் வந்த ராஜராஜ சோழன். அதற்கு முந்தைய தமிழ்ப் படம் திரை முழுக்க அகலமாக விற்கப்பட்டால், இழுபட்டிருக்க வேண்டும், இல்லையென்றால் தலையோ காலோ வெட்டப்பட்டது என்று பொருள். 4:3 படத்தை 16:9 ஆக்கினால் உயரத்தில் கால்வாசி போய்விடும். நாட்டியக் காட்சியில் நிறுத்துங்கள், பாதம் தெரியாது. பரதம் ஆடுகிறவரின் பாதத்தை வெட்டிவிட்டு அதற்குப் பெயர் புதுப்பித்த பதிப்பு என்றால் என்னால் ஏற்க முடியாது. கறுப்பு ஓரத்தோடு வரும் 4:3 பிரதியையே வாங்குங்கள்.

வடிவம் இரண்டிலும் ஒன்றானால் அப்புறம் நுணுக்கம். பட்டுப் புடவையின் சரிகை ஓரம், நரைமுடி, செங்கல் சுவர், இவற்றில் நிறுத்துங்கள். பிலிமில் இயல்பாக இருக்கும் பொடி மணல் போன்ற அசைவு கோளாறு அல்ல, அதுதான் பிலிம். அதைத் துடைத்தெடுத்த பிரதியில் முகம் மெழுகு பொம்மை மாதிரி வழவழவென்று இருக்கும், சரிகை நூல் ஒன்றோடொன்று ஒட்டியிருக்கும். பார்த்த மாத்திரத்தில் "சுத்தமா இருக்கே" என்று தோன்றும். ஏமாறாதீர்கள். கடைசியாக, கேமரா பக்கவாட்டில் நகரும் காட்சியை ஒவ்வொரு பிரேமாக நகர்த்துங்கள். கம்பம் இரண்டாகத் தெரிந்தால் பிஏஎல், என்டிஎஸ்சி மாற்றத்தில் பிரேம்களைக் கலந்திருக்கிறார்கள். உங்கள் டிவியால் அதைப் பிரிக்க முடியாது.

அறிகுறி: கல்யாணக் கேசட்டில் கோடு, நடுக்கம், வெள்ளைப் படலம்

விஎச்எஸ் கேசட்டை பிளேயரில் போடுவதற்கு முன் ஜன்னல் வெளிச்சத்தில் பிடியுங்கள். சுருளின் பக்கவாட்டில் வெள்ளையாகப் பூத்திருந்தால் பூஞ்சை. கடலோர ஈரத்தில் அலமாரியில் கிடந்தவற்றில் இது அதிகம். போட்டு ஓட்டினால் பூஞ்சை, நாடாவைப் படிக்கிற ஹெட்டில் ஒட்டி, நாடா அறுந்தும் போகலாம், அடுத்துப் போடும் கேசட்டுக்கும் பரவும். ஓட்டவே வேண்டாம். உலர்ந்த டப்பாவில் சிலிக்கா ஜெல் பொட்டலத்தோடு நிற்க வைத்து, நாடா சுத்தம் செய்து டிஜிட்டலாக்கும் ஆளிடம் கொடுங்கள்.

பூஞ்சை இல்லாமல் கோடு மட்டும் ஓடினால், பிளேயரில் டிராக்கிங் பட்டனை மெதுவாக நகர்த்துங்கள். தீரவில்லை என்றால் வேறு கேசட் போட்டுப் பாருங்கள். அதிலும் கோடு வந்தால் ஹெட் அழுக்கு.

டிஜிட்டலாக்கக் கொடுக்கும்போது வாயால் சொல்லாமல் தாளில் எழுதிக் கொடுங்கள்: வடிவம் 4:3 மட்டும், 16:9-க்கு இழுக்கக் கூடாது, ஜூம் கூடாது, ஓரத்தில் பூவோ இதயமோ போடக் கூடாது, வெட்டாத முழுப் பதிவு பென்டிரைவில் வேண்டும். வாங்கும்போது அங்கேயே தாலி கட்டும் இடத்தில் நிறுத்தி, பக்கத்தில் நிற்கிறவர்களில் ஓரத்து ஆள் முழுசாக இருக்கிறாரா என்று பார்த்துவிட்டுப் பணம் கொடுங்கள்.